ஆறாவது அறிவு வளர்ந்த கதை

சென்ற விநாயக சதுர்த்தி அன்று என் பேரனை அழைத்துக்கொண்டு பழவங்காடிப் பிள்ளையார் கோயிலுக்குச் சென்றிருந்தேன். திருவனந்தபுரத்தில் வாழும் தமிழருக்கு இக்கோயிலைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. கிழக்கேகோட்டையில் பேருந்தை விட்டு இறங்கியதும் காதில் விழுவது தேங்காய் உடையும் ஓசைதான். தலைநகர் பத்மநாபபுரத்திலிருந்து இங்கு மாறியபோது நாயர் படையினரோடு வந்த பிள்ளையார். இன்றும் இராணுவத்தினரின் பராமரிப்பில் இருந்து வருகிறார்.

பேரனுக்கு நான்கரை வயது. அவன் கையில் ஒரு தேங்காயைக் கொடுத்தேன். பந்து உருட்டுவது போல எறிந்தான். தேங்காய் உடையாமல் உருண்டு ஓடியது. ஓடிப் போய் எடுத்து வந்தான். ஆனால் உடனே மறுபடி எறியவில்லை. ஓரமாக நின்று, பக்கத்தில் ஒருவர் எறிவதைக் கவனித்துப் பார்த்தான். பிறகு அவரைப் போலவே இரண்டு கையாலும் தேங்காயைத் தலைக்கு மேல் தூக்கி ஓங்கி எறிந்தான். உடைந்துவிட்டது!

"ஏல, யாருல உனக்குச் சொல்லித் தந்தது?" என்று கேட்டேன்.

"அந்த மாமனைக் கண்டு படிச்சேன், தாத்தா" என்றான், பாதி தமிழும் பாதி மலையாளமுமாக.

மனித மனம் எப்படி வளர்ந்தது என்று நம் சங்க இதழுக்கு ஒரு பாடம் எழுதித் தரும்படி நண்பர்கள் சில மாதங்களாகக் கேட்டு வருகிறார்கள். நான் மருத்துவனும் அல்லேன், மனநூல் கற்றவனும் அல்லேன். பொறியியல் டிப்ளமா படித்து, 1980 முதல் 38 ஆண்டுகள் ரயில்வேயில் ஜல்லியோடும் ஸ்லீப்பர் கட்டைகளோடும் காலம் கழித்தவன். ஓய்வுக்குப் பின் படித்துத் தெரிந்துகொண்டதைத்தான் இங்கே சொல்லப்போகிறேன். பேரன் அன்று கோயில் முற்றத்தில் செய்ததிலேயே பாடத்தின் பாதி அடங்கிவிட்டது என்று இப்போது தோன்றுகிறது.

தொல்காப்பியர் வகுத்த ஆறு படிகள்

உயிர்களை அறிவின் அளவால் வகைப்படுத்தும் எண்ணம் நமக்குப் புதிதன்று. தொல்காப்பியத்தின் மரபியல் உயிர்களை ஆறு படிகளாக வகுக்கிறது. தொடு உணர்வு மட்டும் உடைய புல்லும் மரமும் முதல் படி. சுவை சேர்ந்தால் நத்தை, சிப்பி. மணம் சேர்ந்தால் கறையான், எறும்பு. பார்வை சேர்ந்தால் நண்டு, தும்பி. செவி சேர்ந்தால் விலங்குகள். இவற்றோடு மனம் என்ற ஆறாவது அறிவும் பெற்றவர்கள் மக்கள்.

இதை டார்வினின் பரிணாமக் கொள்கை என்று சொல்லிக்கொள்வது மிகையாகிவிடும். ஒன்றிலிருந்து ஒன்று தோன்றியது என்று தொல்காப்பியர் கூறவில்லை, இருப்பதை வரிசைப்படுத்தினார். ஆனால் அவர் செய்த ஒரு நுட்பம் கவனிக்கத்தக்கது. ஐந்தறிவு உயிர்களைச் சொல்லும் இடத்தில் விலங்குகளோடு "மாக்கள்" என்ற பிரிவையும் சேர்த்துவிடுகிறார். மனிதராகப் பிறந்தும் பகுத்தறிவு வளராதவர்களை அச்சொல் குறிக்கும் என்று உரை கூறுவர். அதாவது, மனிதப் பிறவி எடுத்ததாலேயே ஆறாவது அறிவு முழுமையாக வந்துவிடுவதில்லை. அது வளர வேண்டும், வளர்க்கவும் பட வேண்டும். இன்றைய அறிவியலும் ஏறக்குறைய இதையே சொல்கிறது.

சரளைக் குழியில் கிடைத்த தடயம்

மனம் மண்ணில் புதைந்து கிடைக்கும் பொருள் அன்று. எலும்பு கிடைக்கும், எண்ணம் கிடைக்காது. பின் எப்படி அதன் பழங்கதையை அறிவது? மனம் வேலை செய்ததன் அடையாளம் கையால் செய்த பொருள்களில் தங்கியிருக்கும். அந்த அடையாளத்தில் உலகப் புகழ் பெற்றவை நம் தமிழகத்தில்தான் கிடைத்திருக்கின்றன.

டார்வின் தம் நூலை வெளியிட்டது 1859-இல். நான்கே ஆண்டுகளுக்குப் பின், 1863 மே 30 அன்று, இந்திய நிலவியல் அளவைத் துறையைச் சேர்ந்த இராபர்ட் புரூஸ் ஃபூட் என்பவர் சென்னையை அடுத்த பல்லாவரத்தில் ஒரு சரளைக் குழியருகே கையளவான ஒரு கல்லைக் கண்டெடுத்தார். இருபுறமும் செதுக்கப்பட்ட கைக்கோடரி அது. இந்தியாவில் பழைய கற்கால மனிதன் வாழ்ந்தான் என்பதற்கு முதல் சான்று அதுவே. நானும் 38 ஆண்டுகள் சரளையும் ஜல்லியும் பார்த்தவன். இலட்சக்கணக்கான கற்களைக் கண்ணால் அளந்தவன். ஒரு குழிக் கல்லைப் பார்த்து "இது தானாக உடைந்தது அன்று, ஒருவன் உடைத்தது" என்று அறிய எத்தகைய கண் வேண்டும் என்று வியக்காமல் இருக்க முடியவில்லை.

அதே ஆண்டில் ஃபூட்டும் அவருடைய தோழர் வில்லியம் கிங்கும் திருவள்ளூர் மாவட்டத்தில் கொசஸ்தலையாற்றை ஒட்டிய அத்திரம்பாக்கத்தைக் கண்டறிந்தனர். நம் காலத்தில் சாந்தி பப்பு, குமார் அகிலேஷ் ஆகிய ஆய்வாளர்கள் அங்கே ஆண்டுக்கணக்கில் அகழாய்வு செய்தார்கள். அங்குள்ள கைக்கோடரிகள் சுமார் 15 இலட்சம் ஆண்டு பழமையானவை என்று 2011-இல் அறிவித்தார்கள். நம் இனமாகிய ஹோமோ சேப்பியன்சின் மிகப் பழைய எலும்புகளோ மொராக்கோவில் கிடைத்த சுமார் 3 இலட்சம் ஆண்டுக்கு முந்தியவைதான். எனவே அத்திரம்பாக்கத்தின் அந்தப் பழைய கொல்லன் நம் இனத்தவன் அல்லன். நமக்கு முந்திய மனித இனத்தவன்.

அந்தக் கைக்கோடரியைப் படத்தில் பார்த்தாலே ஒன்று விளங்கும். ஒரு முனை கூர்மை, மறுமுனை அகலம், இரு பக்கமும் ஏறக்குறைய சமச்சீர். உருளைக் கல்லுக்குள் அப்படி ஓர் உருவம் இல்லை. அது முதலில் செய்தவனின் தலைக்குள் இருந்திருக்க வேண்டும். கண்ணுக்கு முன் இல்லாததை நினைத்துப் பார்த்தல் - இதுதான் மனத்தின் முதல் பெரிய வேலை.

அதே அத்திரம்பாக்கத்தில், மேலே உள்ள மண் அடுக்குகளில், வேறு வகைக் கருவிகள் உள்ளன. அவை சுமார் 3,85,000 ஆண்டுக்கு முன் தொடங்குகின்றன என்று 2018-இல் அதே குழுவினர் வெளியிட்டார்கள். இவற்றின் செய்முறை இன்னும் நுட்பமானது. முதலில் தாய்க்கல்லை நாலாபுறமும் செதுக்கித் தயார் செய்ய வேண்டும். அதன் பிறகு சரியான இடத்தில் ஓர் அடி கொடுத்தால், வேண்டிய வடிவச் சில்லு ஒரே துண்டாகக் கழன்று வரும். தண்டவாளம் போடுவதற்கு முன் மண்மேடு கட்டி, ஜல்லி பரப்பி, ஸ்லீப்பர் அடுக்குவது போன்ற முறை இது. கடைசிப் படி மனத்தில் இருந்தால்தான் முதல் படியைச் சரியாகச் செய்ய முடியும். திட்டமிடும் மனம் அங்கே வந்துவிட்டது.

இவ்வேலையை ஒருவன் தானாகவே ஒரு பிறவியில் கண்டுபிடித்துவிட முடியாது. பிள்ளைகள் பெரியவர்கள் அருகில் உட்கார்ந்து பார்த்துப் பார்த்துத்தான் கற்றிருக்க வேண்டும். என் பேரன் தேங்காய் உடைக்கக் கற்றது போல.

மூளை பெருத்தது; செலவும் பெருத்தது

எத்தியோப்பியாவில் 1974-இல் கிடைத்த "லூசி" என்ற எலும்புக்கூடு சுமார் 32 இலட்சம் ஆண்டுக்கு முந்தியது. அவள் இரண்டு காலால் நடந்தாள். மூளையின் அளவோ சுமார் 400 கன சென்டிமீட்டர்தான். இன்றைய மனிதனின் மூளை சராசரியாக 1,350 கன சென்டிமீட்டர். ஆகவே நம் முன்னோர் முதலில் நிமிர்ந்து நின்றனர். கை விடுதலை பெற்றது. மூளை பெருத்தது அதற்கு வெகுகாலம் கழித்தே.

பெரிய மூளை சும்மா கிடைப்பதில்லை. உடல் எடையில் நூற்றுக்கு இரண்டு பங்குதான் மூளை. ஆனால் உடல் செலவிடும் ஆற்றலில் ஐந்தில் ஒரு பங்கை அதுவே எடுத்துக்கொள்கிறது. குழந்தைகளிடம் இது இன்னும் அதிகம். ஐந்து வயதை ஒட்டிய பருவத்தில் ஒரு நாளைய ஆற்றலில் நாற்பது விழுக்காட்டுக்கு மேல் மூளைக்கே போகிறது என்று 2014-இல் வெளியான ஓர் ஆய்வு கணக்கிட்டது. அந்த வயதுக் குழந்தை காலையில் சாப்பிடாமல் பள்ளிக்குப் போகக்கூடாது என்று பாட்டிமார் பிடிவாதம் பிடிப்பதில் பொருள் இருக்கிறது.

அளவு மட்டுமே அறிவு ஆகிவிடாது. யானைக்கும் திமிங்கிலத்துக்கும் நம்மைவிடப் பெரிய மூளை உண்டு. ஐன்ஸ்டைனின் மூளை சராசரியை விடச் சற்று எடை குறைந்தது. மனித மூளையில் சுமார் 8,600 கோடி நரம்பணுக்கள் உள்ளன. அவை ஒன்றோடொன்று எப்படி இணைந்திருக்கின்றன என்பதே முக்கியம். பெரிய ஜங்ஷனில் எத்தனை தண்டவாளம் கிடக்கிறது என்பதைவிட, எந்தப் பாதை எதனோடு சேர்கிறது என்பதுதானே வண்டி ஓடுவதற்கு முக்கியம்!

தலைக்கு வெளியே ஒரு சேமிப்பு

மனம் வளர்ந்ததில் அடுத்த பெரிய படி, அறிந்ததை அடுத்தவருக்குக் கொடுத்தது. முதலில் கையால், பின் வாயால், பின் கோட்டாலும் எழுத்தாலும். வயநாட்டு எடக்கல் பாறைகளில் மனித உருவங்களும் குறிகளும் செதுக்கப்பட்டிருப்பதை 1890-களில் ஃபாசெட் என்ற காவல்துறை அதிகாரி உலகுக்குச் சொன்னார். அதே பாறைச் சுவர்களில் தமிழ்-பிராமி எழுத்துகளும் உண்டு. நம் வாசகர்கள் விடுமுறைக்கு வயநாடு போனால், குளிர் அனுபவிப்பதோடு நில்லாமல் அதையும் பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டும். ஒருவன் இறந்த பிறகும் அவன் நினைத்தது நிற்கும் என்ற நிலை அங்கே கண்ணுக்குத் தெரிகிறது.

எழுத்தில் ஏறாத அறிவும் ஏராளம். என் கீழ் ஒரு கீமேன் இருந்தார். நாள்தோறும் தம் பகுதிப் பாதையை நடந்தே பார்ப்பவர். தண்டவாள இணைப்பைச் சுத்தியலால் ஒரு தட்டுத் தட்டி, அந்த ஓசையிலேயே போல்ட் தளர்ந்திருப்பதைச் சொல்லிவிடுவார். என் டிப்ளமா புத்தகம் எதிலும் அந்த ஓசை இல்லை. "மூத்த கீமேனோட நாலு வருஷம் நடந்தேன் சார், காது தானா பழகிருச்சு" என்பார். ஒரு மனத்திலிருந்து இன்னொரு மனத்துக்கு அறிவு நேராக இறங்குவது இப்படித்தான்.

பிறந்த பிறகு நடக்கும் வேலை

பசுவின் கன்று பிறந்த சிறிது நேரத்தில் எழுந்து நிற்கிறது. மனிதக் குழந்தைக்குத் தலை நிற்கவே மாதங்கள் ஆகின்றன. பிறக்கும்போது அதன் மூளை, வளர்ந்தவர் மூளையின் எடையில் ஏறக்குறைய கால் பங்குதான். மீதி வளர்ச்சி வெளியே வந்த பிறகு, தாய் மடியிலும் தாத்தா பாட்டி தோளிலும் நடக்கிறது. இயற்கை இப்படி வைத்ததில் ஒரு பெரும் பயன் உண்டு. மூளை வளரும் காலத்திலேயே உலகம் அதில் பதிகிறது.

முதல் சில ஆண்டுகளில் நரம்பணுக்களுக்கிடையே தேவைக்கு மிகுதியான இணைப்புகள் உண்டாகின்றன. பயன்படுபவை வலுப்பெறுகின்றன, பயன்படாதவை கழிக்கப்படுகின்றன. வண்டி ஓடாத சைடிங் துருவேறி, ஒரு நாள் பாயின்ட்டையே கழற்றிவிடுவது போல. முன்மூளை முழுமை பெற இருபது வயதுக்கு மேலும் ஆகிறது. ஆகவே பதினைந்து வயதுப் பையன் யோசிக்காமல் காரியம் செய்தால், பாதை இன்னும் வேலையில் இருக்கிறது என்று சற்றுப் பொறுத்துக்கொள்ளலாம்.

பார்ப்பதைக்கூட மூளை கற்றுக்கொள்ள வேண்டியிருக்கிறது. பவன் சின்ஹா என்ற அறிஞர் தில்லியில் "பிரகாஷ்" என்ற திட்டத்தைத் தொடங்கினார். பிறவியிலேயே கண்புரையால் பார்வை இழந்து, வளர்ந்த பின் அறுவை சிகிச்சையால் பார்வை பெற்ற பிள்ளைகளை அவர் குழு ஆராய்ந்தது. அவர்கள் கையால் தடவி அறிந்த பொருளைப் பார்வை வந்தவுடன் கண்ணால் மட்டும் பார்த்து அடையாளம் காண இயலவில்லை. சில நாட்களிலேயே அத்திறன் வளரத் தொடங்கியது. கண் திறந்தால் போதாது. மனம் பழக வேண்டும். காலம் தாழ்ந்தாலும் பழகவும் செய்கிறது. இவ்விரண்டும் நினைவில் வைக்கத்தக்கவை.

செவிக்கும் இதே கதைதான். கனடாவில் வெர்க்கர், டீஸ் என்ற இருவர் 1984-இல் வெளியிட்ட ஆய்வு நமக்கு நெருக்கமானது. இந்தியில் நாக்கைப் பல்லில் வைத்துச் சொல்லும் தகரத்துக்கும், மடித்துச் சொல்லும் டகரத்துக்கும் உள்ள வேறுபாட்டை, ஆங்கிலம் பேசும் வீட்டுக் குழந்தைகள் ஆறு முதல் எட்டு மாத வயதில் எளிதாகப் பிரித்தறிந்தன. பத்து முதல் பன்னிரண்டு மாதத்தில் அத்திறன் மங்கிவிட்டது. வீட்டில் அந்த ஒலி கேட்காததால் காது அதைக் கைவிட்டுவிட்டது. தமிழுக்கும் மலையாளத்துக்கும் பொதுவான ழகரம் நம் வீட்டுக் குழந்தைக்கு எங்கிருந்து வருகிறது என்று இப்போது விளங்கும்.

எங்கள் வீட்டில் நடந்த தவறு

இங்கே என் வீட்டுக் கதை ஒன்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது. சொல்லச் சற்றுக் கூச்சமாகத்தான் இருக்கிறது.

1991-இல் என் மகனுக்கு நான்கு வயது. பள்ளியின் பெயர் வேண்டாம். "வீட்டில் தமிழ், தெருவில் மலையாளம், பள்ளியில் ஆங்கிலம் என்றால் குழந்தை குழம்பிவிடும். வீட்டில் ஆங்கிலமே பேசுங்கள்" என்று ஓர் ஆசிரியை அறிவுரை சொன்னார். அவர் நல்லெண்ணத்தில்தான் சொன்னார். அக்காலத்தில் பலரும் அப்படி நம்பினார்கள். நானும் என் மனைவியும் அன்று முதல் எங்களுக்குத் தெரிந்த அரைகுறை ஆங்கிலத்தில் பேசத் தொடங்கினோம். "கம்", "ஈட்", "ஸ்லீப்" என்பதற்கு மேல் எங்கள் ஆங்கிலம் போகவில்லை. அதட்டலாம், கதை சொல்ல முடியாது.

சங்கரன்கோவில் பக்கத்துக் கிராமத்திலிருந்து வந்து எங்களோடு குவார்ட்டர்ஸில் இருந்த என் தாயார், விளக்கு வைத்ததும் பேரனை மடியில் போட்டுக் கதை சொல்வார்கள். "அம்மா, இனிமே அவன்கிட்ட தமிழ்ல கதை சொல்ல வேண்டாம், பிள்ள குழம்பிருவான்" என்று நான்தான் போய்ச் சொன்னேன். அம்மா சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அப்ப நான் அவன்ட்ட எந்தப் பாஷையில பேசணும்யா?" என்று கேட்டார்கள். என்னிடம் பதில் இல்லை.

2004-இல் அம்மா படுக்கையில் விழுந்தார்கள். கடைசி மாதங்களில் பழைய ஊர்க்கதைகளே பேச்சு. பதினேழு வயது மகன் அன்பானவன், பக்கத்தில் உட்கார்ந்து ஆச்சியின் கையைப் பிடித்துக்கொண்டிருப்பான், தலையாட்டுவான். பிறகு வெளியே வந்து என்னிடம், "அப்பா, ஆச்சி என்ன சொல்றாங்க?" என்று கேட்பான். நான் மொழிபெயர்த்துச் சொல்வேன். ஒரே வீட்டில் பதின்மூன்று ஆண்டு வாழ்ந்த இருவருக்கு நடுவில் நான் துபாஷியாக நின்றேன்.

இரண்டு மொழி பாரமா?

மருமகள் சென்ற மாதம் என்னிடம், "மாமா, தமிழ், மலையாளம், இங்கிலீஷ் மூணும் இவனுக்குப் பாரமா இருக்காதா?" என்று கேட்டாள். நியாயமான கேள்வி. அவளுக்குச் சொன்னதையே இங்கும் எழுதுகிறேன்.

இருமொழி மூளைக்குச் சுமை என்ற பழைய எண்ணத்தை 1962-இலேயே கனடாவின் மான்ட்ரீல் நகரில் பீல், லாம்பர்ட் என்பவர்கள் செய்த ஆய்வு அசைத்துவிட்டது. பிரெஞ்சும் ஆங்கிலமும் அறிந்த பத்து வயதுப் பிள்ளைகள் ஒருமொழிப் பிள்ளைகளைவிட அறிவுச் சோதனைகளில் நன்றாகவே செய்தார்கள். இருமொழியால் எவ்வளவு நன்மை என்பதில் இன்றும் ஆய்வாளர்களிடையே வாதம் உண்டு. கெடுதல் என்பார் அரிது. சிறு குழந்தைக்கு ஒவ்வொரு மொழியிலும் சொற்கள் சற்றுக் குறைவாக இருக்கலாம். இரண்டையும் கூட்டிப் பார்த்தால் குறைவு இராது. இரண்டு மொழியைக் கலந்து பேசுவதும் குழப்பத்தின் அடையாளம் ஆகாது. கையில் எந்தச் சொல் கிடைத்ததோ அதை எடுத்து வேலையை முடிக்கிறது குழந்தை.

தொலைக்காட்சியில் தமிழ் ஓடினால் போதாதா என்று சிலர் கேட்கலாம். 2003-இல் பட்ரீசியா குல் என்ற அமெரிக்க அறிஞரின் குழு ஒன்பது மாதக் குழந்தைகளுக்குச் சீன மொழியைப் பன்னிரண்டு அமர்வுகளில் கேட்கச் செய்தது. நேரில் ஒருவர் விளையாடிப் பேசியபோது குழந்தைகள் அம்மொழி ஒலிகளைப் பற்றிக்கொண்டன. அதையே ஒளிப்படமாகக் காட்டியபோது பயன் இல்லை. பேசும் முகம் குழந்தைக்குப் பதில் சொல்ல வேண்டும். ஊரில் இருக்கும் ஆச்சியோடு கைப்பேசியில் முகம் பார்த்துப் பேசுவது இதில் சேராது. அங்கே ஆச்சி பதில் சொல்கிறார். இரண்டு வயதைத் தாண்டிய பிள்ளைகள் அத்தகைய உரையாடலில் புதுச்சொல் கற்கின்றன என்று 2014-இல் வெளியான ஆய்வு ஒன்று காட்டியது.

பிஸ்கட் டப்பாச் சோதனை

வாசகர்கள் தம் வீட்டிலேயே செய்து பார்க்க ஒரு சோதனை தருகிறேன். மனநூல் அறிஞர்கள் மிட்டாய்ப் பெட்டியை வைத்துச் செய்வதை நம் வீட்டுக்கு ஏற்ப மாற்றியிருக்கிறேன். நம் வீடுகளில் பழைய பிஸ்கட் டப்பாவில் ஊசி நூல் வைப்பது வழக்கம் அல்லவா? அதைக் குழந்தையிடம் காட்டி, "உள்ளே என்ன?" என்று கேளுங்கள். "பிஸ்கட்" என்னும். திறந்து ஊசி நூலைக் காட்டி, மறுபடி மூடிவிடுங்கள். பிறகு, "ஆச்சி இன்னும் இதைப் பார்க்கல. ஆச்சிக்கிட்ட கேட்டா உள்ள என்ன இருக்குன்னு சொல்லுவாங்க?" என்று கேளுங்கள்.

மூன்று வயதுக் குழந்தை பெரும்பாலும் "ஊசி நூல்" என்னும். தான் அறிந்ததை எல்லோரும் அறிவர் என்று அது நினைக்கிறது. நான்கு, ஐந்து வயதில் "பிஸ்கட்" என்று சொல்லிச் சிரிக்கும். தன் மனம் வேறு, ஆச்சியின் மனம் வேறு என்று அதற்குத் தெரிந்துவிட்டது. என் பேரன் "பிஸ்கட்டுன்னு சொல்லி ஆச்சி ஏமாந்து போவாங்க" என்றான். என் மனைவி அடுக்களையிலிருந்து, "நான் ஏன் ஏமாறப் போறேன், டப்பாவை வச்சதே நான்தானே" என்றாள். அது வேறு விஷயம்!

இன்னொருவர் மனத்தில் என்ன இருக்கிறது என்று உணர்வதே மனித மனத்தின் மிக உயர்ந்த படி என்பேன். நினைப்பையும் உணர்ச்சியையும் பற்றிப் பேசும் வீட்டில் இத்திறன் நன்றாக வளர்கிறது. அப்பேச்சு எந்த மொழியில் பெரியவர்களுக்கு இயல்பாக வருமோ அந்த மொழியில்தான் நடக்க முடியும். ஆச்சியின் மனத்தை என் மகன் அறியாமல் போனதற்கு அவன் மூளையில் ஒரு குறையும் இல்லை. நடுவில் இருந்த பாதையை நான் கழற்றிவிட்டேன்.

அறுபதுக்குப் பிறகு

பெரியவர்களுக்கும் ஒரு சொல். மூளை இளமையோடு நின்றுவிடுவதில்லை. ஐதராபாத்தில் டாக்டர் சுவர்ணா அல்லாடியும் குழுவினரும் மறதி நோய் கண்ட 648 பேரை ஆராய்ந்து 2013-இல் முடிவை வெளியிட்டார்கள். ஒரு மொழி மட்டும் அறிந்தவர்களைவிட, ஒன்றுக்கு மேற்பட்ட மொழி பேசியவர்களுக்கு நோய் ஏறத்தாழ நாலரை ஆண்டு தாமதமாகத் தொடங்கியிருந்தது. பள்ளி செல்லாதவர்களிடமும் இவ்வேறுபாடு காணப்பட்டது. எல்லா ஊர் ஆய்வுகளும் இதே அளவைக் காட்டவில்லை. ஆயினும் நம்மைப் போல் பல மொழி புழங்கும் ஊரில் செய்த ஆய்வு என்பதால் இதற்கு மதிப்பு உண்டு. சாலைக் கடைத்தெருவில் தமிழிலும் மலையாளத்திலும் மாறி மாறி விலை பேசும் நம் வியாபாரி, அறியாமலேயே மூளைக்குப் பயிற்சி கொடுத்துவருகிறார்.

நிறைவாக

நவராத்திரிக்கு ஆண்டுதோறும் பத்மநாபபுரத்திலிருந்து சரஸ்வதி தேவியும், வேளிமலைக் குமாரசுவாமியும், சுசீந்திரம் முன்னுதித்த நங்கையும் ஊர்வலமாக நம் கோட்டைக்கு எழுந்தருளுகிறார்கள். அந்தச் சரஸ்வதி, கம்பர் வழிபட்ட திருமேனி என்பது வழிவழிச் செய்தி. தமிழ்ப் புலவர் வழிபட்டதாகச் சொல்லும் தெய்வத்தின் முன் மலையாள நாடு கல்வியைத் தொடங்குகிறது. ஓர் ஊருக்குள் இரண்டு மொழி இத்தனை காலம் இடம் பிடித்திருக்க, 8,600 கோடி நரம்பணு உள்ள ஒரு குழந்தையின் தலைக்குள் இடம் இல்லாமல் போகுமா?

இப்பாடத்தின் சாரம் இதுதான். மூளை பிறவியில் வருகிறது; மனம் கையிலிருந்து கைக்கும் வாயிலிருந்து காதுக்கும் வருகிறது. அத்திரம்பாக்கத்துக் கல் கொல்லன் முதல் பழவங்காடியில் தேங்காய் எறிந்தவர் வரை அதைக் கொடுத்தவர்கள்தாம். ஒரு தலைமுறை வாங்கிக்கொடுக்க மறந்தால் சங்கிலியில் ஒரு வளையம் அறுந்துவிடும்.

வீட்டில் செய்ய நான்கு காரியங்கள்:

1. இரவு உறங்குமுன் கால் மணி நேரம் தமிழில் ஒரு கதை. கைப்பேசி அறைக்கு வெளியே இருக்கட்டும்.

2. குழந்தை மலையாளம் கலந்து பேசினால் திருத்தி அவமதிக்க வேண்டாம். அதே செய்தியை நல்ல தமிழில் நீங்கள் திரும்பச் சொன்னால் போதும்.

3. கையால் செய்யும் வேலை ஏதேனும் ஒன்றை - பூக்கட்டுதல், கோலம், சைக்கிள் பஞ்சர் ஒட்டுதல் - பக்கத்தில் உட்கார வைத்துச் செய்து காட்டுங்கள்.

4. "ஆச்சி இப்ப என்ன நினைப்பாங்க?" என்று அடிக்கடி கேளுங்கள். பிறகு ஆச்சியிடமே போய்க் கேட்டுவரச் சொல்லுங்கள்.

நான்காவதை நாங்கள் இப்போது நாள்தோறும் செய்கிறோம். சென்ற வாரம் முதல் என் மகனும் பேரனோடு சேர்ந்து கதை கேட்க உட்காருகிறான். புரியாத சொல் வந்தால் அவன் கேட்பது என்னிடம் அன்று, தன் பிள்ளையிடம்.